‘போவம்’ என்று நீ அழுதது

அன்புள்ள மகனுக்கு,

இந்த நேரத்தில் எழுதுவதற்குக் கோபிக்காதே. பகல் முழுவதும் இதை மனதுக்குள் எழுதிக்கொண்டுதான் வேலை செய்தேன். பேருந்தில் எழுதினேன், வெங்காயம் வெட்டும்போது எழுதினேன், இப்போதுதான் கைக்கு வந்திருக்கிறது. அப்பா காலை முதல் ரெயிலைப் பிடிக்க வேண்டியவர், உள்ளே நித்திரை. உனக்கு அங்கே மணிலாவில் விடிந்திருக்கும். போனில் சொல்லியிருக்கலாமே என்று கேட்பாய். போனில் நீ பிரெஞ்சுக்கு மாறியதும் நான் “சரி, சரி, சாப்பிட்டியோ?” என்று கேட்டு வைத்துவிடுவேன். அது உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். தமிழை நீ மெதுவாக வாசிப்பாய். மெதுவாகவே வாசி. விளங்காத சொல்லுக்குப் பக்கத்தில் ஒரு புள்ளி போட்டு வை, பிறகு சொல்லித் தருகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை எவ்வளவு சந்தோஷமாகப் பேசினாய்! படிப்பு முடிந்த கையோடு மூன்று மாத ஸ்தாஜ், பயிற்சி வேலை, என்று, வீடியோ வெட்டி ஒட்டப் பழகுவதற்காக, எங்கள் பழைய மேல்வீட்டு மரிசெல்லின் பெறாமகன் ரிக்கோவின் நிறுவனத்துக்குப் போனவன் நீ. இப்போது அவன் உன்னை இரண்டு வருடத்துக்கு வைத்துக்கொள்ளக் கேட்கிறான், மாதம் முடிவதற்குள் ஒப்பந்தத்தில் கையெழுத்து வைக்க வேண்டும் என்றாய். தேர்தல் வருகிறது, வேலை குவிகிறது என்றாய். பிறகு நீ வெட்டிய வீடியோ ஒன்றை அனுப்பினாய். தேவாலய வாசலில் பூ விற்கிற ஒரு பெண், பக்கத்தில் ஐந்தாறு வயதில் ஒரு பெண்பிள்ளை. ஒரு காவலாளி வந்து பூக்கூடையைக் காலால் தட்டிவிடுகிறான். பிள்ளை அழுகிறது. ஒரு வாகனம் நிற்கிறது, வெள்ளைச் சட்டைக்காரர் ஒருவர் இறங்கிவந்து, தெருவில் குந்தியிருந்து பூப் பொறுக்குகிறார். யாரோ வழிப்போக்கர் தற்செயலாக எடுத்தது போலக் கமரா ஆடுகிறது. நான் கண்ணைத் துடைத்துக்கொண்டேன். பிறகுதான் நீ சொன்னாய், வெள்ளைச் சட்டைக்காரர் தேர்தலில் நிற்கிறவர், பூக்காரி நடிகை, காவலாளி உங்கள் நிறுவனத்துச் சாரதி என்று.

“எல்லாம் நடிப்போ?” என்று கேட்டேன்.

“மே வுய், ஓம் அம்மா. கூடையை நாலு தரம் விழுத்தினது. வடிவா வந்திருக்குதானே?”

“பார்க்கிற சனத்துக்கு நடிப்பெண்டு தெரியுமோ?”

“தெரியாட்டி என்ன? இப்பிடி உண்மையா நடக்கிறதுதானே. நாங்கள் காட்டுறம், அவ்வளவுதான்.”

“அந்தப் பிள்ளை எப்பிடி அழுதது?”

நீ சிரித்தாய். “அது சூப்பர் பிள்ளை. ஒரே தரத்தில அழுதிட்டுது. தாய்க்காரி கமராவுக்குப் பின்னால நிண்டவ. என்னவோ செய்தா.”

அந்த ‘என்னவோ’தான், தம்பி, என்னைப் போட்டு அலைக்கிறது. அந்தத் தாய் என்ன செய்திருப்பாள் என்று எனக்குத் தெரியும். நீ வேலையில் நின்றதால் பார்க்கவில்லை, அல்லது பார்த்தும் பார்க்காமல் விட்டிருப்பாய். எனக்கு எப்படித் தெரியும் என்பதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். ஆனால் அதைச் சொல்வதற்குக் கொஞ்சம் பின்னால் போக வேண்டும். உண்மையைச் சொன்னால், போவதற்கு எனக்கு ஆசையும்தான்.

இரண்டாயிரத்து ஒன்பதாம் ஆண்டின் கடைசியில் உன்னை இடுப்பில் தூக்கிக்கொண்டு இந்த ஊரில் வந்து இறங்கினேன். உனக்கு நாலு வயது, எனக்கு இருபத்தைந்து. அது எங்களுக்கு எப்படிப்பட்ட வருடம் என்று நான் எழுதத் தேவையில்லை. உன்னை மடியில் வைத்துக்கொண்டு யாழ்ப்பாணத்தில் புவியியல் படித்துப் பட்டம் வாங்கியவள் நான். பாரிஸ் வரைபடத்தில் லா சப்பல் என்ற பெயரை விரலால் தொட்டுப் பார்த்திருந்தேன். வந்து பார்த்தால், ஐந்தாம் மாடியில் ஒரே அறை, லிப்ட் இல்லை, ஜன்னலுக்கு நேரே பாலத்தில் மெத்ரோ. ஒவ்வொரு தடவையும் தேநீர்க் கோப்பை தட்டில் நடுங்கும். அப்பா ஒரு உணவகத்தில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தார், நான் பின்னேரங்களில் அலுவலகங்களைக் கூட்டித் துடைக்கப் போனேன். நீ ஜன்னல் விளிம்பில் நாடியை வைத்துக்கொண்டு, போகிற ரெயிலுக்குள் நிற்கிற ஆட்களுக்குக் கை காட்டுவாய். ஒரு நாள் ஒரு கிழவர் உள்ளிருந்து தொப்பியைக் கழற்றிக் காட்டினார். அன்றைக்கு நீ சாப்பிடவே இல்லை, அவ்வளவு புளுகம், சந்தோஷம்.

ஆறாம் மாடியில், கூரைக்குக் கீழே, மரிசெல் இருந்தாள். காலையில் பணக்கார வீடொன்றில் பிள்ளை பார்க்கிற வேலை, பின்னேரம் வீட்டில். தன் மகளைப் பிலிப்பைன்ஸில், புலாக்கானில், தங்கையிடம் விட்டுவிட்டு வந்து ஏழு வருடம். படிக்கட்டில் உன்னை முதன்முதலில் கண்ட அன்றே என் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள். எங்கள் இருவருக்கும் இடையில் இருந்தது பத்துப் பன்னிரண்டு பிரெஞ்சுச் சொல். அதை வைத்துக்கொண்டே எல்லாம் பேசினோம். அவள் கோழிக்கு வினாகிரி ஊற்றுவாள், நான் புளி கரைத்து விடுவேன். யாருடைய புளிப்புச் சரி என்று வாக்குவாதம் செய்ய அந்தப் பத்துச் சொல் தாராளமாகப் போதும். நான் வேலைக்குப் போன நேரமெல்லாம் நீ அவளிடம்தான். அதனால்தான் பாலர் வகுப்பு ஆசிரியை என்னைக் கூப்பிட்டு, “உங்கள் மகன் வீட்டில் என்ன மொழி பேசுகிறான்?” என்று கேட்டாள். தமிழ் என்றேன். “இல்லை, இன்னொன்றும் இருக்கிறது” என்றாள். லா சப்பலில் வளர்ந்த யாழ்ப்பாணத்துப் பிள்ளை, பிரெஞ்சு வருவதற்கு முன்பே மரிசெல்லின் தகாலோக் மொழி பேசிற்று.

‘ஓம் போ’ ஞாபகம் இருக்கிறதா? உனக்கு ஐந்து வயது. அப்பா வேலையால் வந்து, “கை கழுவினியோ?” என்று கேட்டார். நீ மிகவும் மரியாதையாக நிமிர்ந்து நின்று, “ஓம் போ!” என்றாய். அப்பாவின் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும்.

“ஆரைப் போ எண்டுறாய்? தகப்பனைப் பார்த்துப் போ எண்டுறியோ?”

“ஓம் போ!” என்று திரும்பவும் சொன்னாய்.

நான் இடையில் விழுந்து உன்னைப் பிடித்துக்கொண்டேன். சத்தம் கேட்டு மேலேயிருந்து மரிசெல் ஓடி வந்தாள். விஷயம் விளங்கினதும் படியிலேயே இருந்து சிரித்தாள். அவர்களுடைய மொழியில் பெரியவர்களோடு பேசும்போது ஒவ்வொரு வசனத்திலும் ஒரு ‘போ’ வைக்க வேண்டுமாம், நாங்கள் ‘வாங்கோ, இருங்கோ’ என்பது போல. அது இல்லாமல் பேசுகிற பிள்ளை வளர்ப்புச் சரியில்லாத பிள்ளை. அவள் மரியாதை பழக்கியிருக்கிறாள், அது எங்கள் வீட்டில் வந்து அவமரியாதையாக விழுந்துவிட்டது. அதற்குப் பிறகு அப்பா மரிசெல்லைக் காணும்போதெல்லாம் “வாங்கோ போ, இருங்கோ போ!” என்பார். அவள் “போங்கோ போ!” என்பாள். ஒரு சத்தத்துக்கு இப்படி இரண்டு பக்கம் இருப்பது எங்களுக்கு அப்போது பெரிய பகிடி. அந்த ஒற்றை அறையை விட்டு எப்போது போவோம் என்று ஏங்கினவள் நான். இன்றைக்கு வில்லியே லே பெல்லில் மூன்று அறை இருக்கிறது, ஜன்னலைத் திறந்தால் மரம் தெரிகிறது. ஆனாலும் கோப்பை நடுங்காத வீட்டில் ஏதோ குறைகிற மாதிரி சில நாள் எழும்பி உட்கார்ந்துவிடுகிறேன்.

உனக்கு எட்டு வயதானபோது வேறு வீடு தேடத் தொடங்கினோம். நகரத்துக்கு வெளியே எங்கள் ஆள் ஒருவர் வீடு வாடகைக்கு விடுகிறார் என்று உன்னையும் கூட்டிக்கொண்டு போனேன். கதவைத் திறந்தவர் உன்னைக் கண்டதும், “பிள்ளை இருக்கெண்டு சொல்லேல்லையே” என்று சொல்லிக் கதவைச் சாத்திவிட்டார். மழை. படிக்கட்டில் நின்று அழுதேன். அந்தச் சனிக்கிழமை உன்னைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டி வந்தபோது, வாசலில் நின்ற தாய்மாரிடம் இதைச் சொன்னேன். பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தான் ஒரு தம்பி. கலியாண வீடுகளில் வீடியோ எடுக்கிறவன். அப்போதுதான் பேஸ்புக்கில் சின்னச் சின்ன வீடியோக்களும் போடத் தொடங்கியிருந்தான்.

“அக்கா, இதை நாலு பேர் பார்க்க வேணும். நீங்கள் திரும்ப ஒருக்கா நடிச்சுக் காட்டுங்கோ, அவ்வளவு காணும். முகத்தைச் சால்வையால மூடுங்கோ.”

“அந்த வீட்டுக்காரர் விடுவாரோ?”

“அந்த வீடு ஏன்? கதவெண்டாச் சரி. எல்லாக் கதவும் கதவுதானே அக்கா.”

எனக்கு அது சரியாகப் பட்டது. நடந்தது உண்மை, நான் அழுததும் உண்மை, இடம் மட்டும்தான் வேறு என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன். ஞாயிற்றுக்கிழமை நீ சொன்னாயே, “இப்பிடி உண்மையா நடக்கிறதுதானே” என்று, அது என் வாயிலிருந்து வந்த வசனம், பன்னிரண்டு வருடத்துக்கு முன்பே.

அவன் எங்களைக் கொண்டுபோய் இருத்திய இடம் ‘ரூ காய்’ தெருவில் யோகன் அண்ணையின் கடை வாசல். திங்கட்கிழமை காலை, கடை இன்னும் திறக்கவில்லை, இரும்புக் கதவு பாதி ஏறியபடி நின்றது. யோகன் அண்ணையை உனக்கு ஞாபகம் இருக்கும். உன்னைத் தூக்கி அரிசி மூட்டைக்கு மேல் இருத்திவிட்டு, வருகிறவர்களுடைய பிரெஞ்சுக் கடிதங்களை வாசித்துச் சொல்கிற மனிதர். அந்த மாதம் தமிழ்ப் பள்ளிக்கூட நிர்வாகத் தெரிவு. தலைவர் பதவிக்கு அவர் நின்றார். வீடியோக்காரத் தம்பி எதிர்ப் பக்கம். இதெல்லாம் எனக்குத் தெரியாது என்று எழுத ஆசையாக இருக்கிறது. தெரியும். “அண்ணையின்ர கடை தெரியப்போகுது” என்று சொன்னேன். “அதை வெட்டிப்போடுவன் அக்கா” என்றான். அதற்கு மேல் நான் கேட்கவில்லை.

நீ சிவப்பு ஜக்கெட் போட்டிருந்தாய், கைக் கிழிசலுக்கு மேல் மரிசெல் மஞ்சள் வாத்து தைத்துவிட்ட ஜக்கெட். விளையாட்டு என்று உனக்குச் சொல்லியிருந்தேன். அதனால் உனக்கு அழுகை வரவில்லை. கமராவைப் பார்த்துச் சிரித்தாய். கதவுக்குள்ளேயிருந்து ஒரு கை வந்து என் தோளைத் தள்ள வேண்டும், அது அவனுடைய சிநேகிதனின் கை. இரண்டு தரம் தள்ளியாயிற்று, இரண்டு தரமும் நீ சிரித்தாய். தெருவில் ஆட்கள் வரத் தொடங்கிவிட்டார்கள். “அக்கா, பிள்ளை அழ வேணும், இல்லாட்டி ஒண்டுமில்லை” என்றான். நான் சால்வைக்குக் கீழே கையை விட்டு, உன் இடது கையின் உட்பக்கத்தில், நகம் பதியக் கிள்ளினேன்.

நீ என்னைப் பார்த்த பார்வையை நான் எழுதப்போவதில்லை. முகத்தை என் மடிக்குள் புதைத்துக்கொண்டு, “அம்மா, போவம்! அம்மா, போவம்!” என்று கத்தினாய். அந்தத் தரம் சரியாக வந்துவிட்டது.

பின்னேரமே வீடியோ பேஸ்புக்கில் வந்தது. அதில் நான் ஒரு சொல்லும் பேசவில்லை. உன் அழுகை மட்டும்தான் சத்தம், மிச்சமெல்லாம் எழுத்து. ‘பிள்ளையோடு வந்த தாயைத் தள்ளிவிட்ட கடை இதுதான். இவரா எங்கள் பிள்ளைகளின் பள்ளிக்கூடத்துக்குத் தலைவர்?’ கடைப் பலகையை அவன் வெட்டவில்லை. போன் எடுத்துக் கேட்டேன். “சனம் பார்த்துக்கொண்டிருக்குது அக்கா. இப்ப எடுத்தா, பொய் எண்டு ஆகிடும்” என்றான். பொய் என்று ஆகிவிடுமாம்! நான் போனை வைத்துவிட்டேன். இன்னொன்றையும் ஒளிக்கக் கூடாது. எத்தனை பேர் பார்க்கிறார்கள் என்று அன்றிரவு நானும் திரும்பத் திரும்பப் பார்த்தேன். பயந்தேன். ஆனால் அது முழுக்கப் பயம் இல்லை. நான்கு வருடமாக யாரும் திரும்பிப் பார்க்காத என்னை இவ்வளவு சனம் பார்த்து அழுகிறது என்ற ஒரு புளுகமும் அதில் இருந்தது. மறுநாள் மரக்கறி வாங்க நின்ற வரிசையில் ஒரு மனுசி, “அந்தப் பிள்ளை அழுத அழுகை! என்ன மனுசன் உவன்!” என்றாள். நான் “ஓம்” என்றேன்.

யோகன் அண்ணை தெரிவிலிருந்து விலகினார். ஒரு வருடத்துக்குள் கடையை விற்றுவிட்டு எபினேப் பக்கம் போய்விட்டார். வாடகை ஏறிவிட்டது, அதுதான் காரணம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

மரிசெல்லும் அந்த வீடியோவைக் கண்டாள். தமிழ் எழுத்து விளங்காது, ஆனால் வாத்து விளங்கியது. மேலேயிருந்து ஓடி வந்து, “உண்மையா? உன்னைத் தள்ளினார்களா?” என்று கேட்டாள். அவளுக்காவது சொல்லியிருக்கலாம். நான் தலையை ஆட்டினேன். அவள் என்னைக் கட்டிப்பிடித்து அழுதாள். இஞ்சி போட்டுக் கோழிக் கஞ்சி காய்ச்சிக் கொண்டுவந்து, நான் குடித்து முடிக்கும்வரை முன்னால் இருந்தாள். பிறகு, என் சிநேகிதியைப் பாருங்கள் என்று, தன் ஊர்ப் பெண்கள் எல்லாருக்கும் அதை அனுப்பினாள். அப்படித்தான் அது கடல் தாண்டியது.

மூன்று வருடம் கழித்து, நீ கொலேஜுக்கு, நடுநிலைப் பள்ளிக்கு, போகத் தொடங்கிய வருடம், அவர்களுடைய நாட்டில் பெரிய தேர்தல். மரிசெல்லின் போன் நாள் முழுக்கக் கிணுகிணுக்கும். ஒரு நாள் சிரித்துக்கொண்டே கீழே வந்தாள். “பார், நீ என் நாட்டில் நடிகையாகிவிட்டாய்.” அதே வாசல், அதே சால்வை, அதே சிவப்பு ஜக்கெட். கடைப் பலகை இருந்த மேல்பக்கத்தை வெட்டிவிட்டு, சோக இசை போட்டு, தகாலோக்கில் எழுதியிருந்தார்கள். வெளிநாட்டில் வேலைக்குப் போன எங்கள் சகோதரி பிள்ளையோடு நடுத்தெருவில், அதிகாரிகள் கதவைச் சாத்திவிட்டார்கள், இவர் ஒருவர்தான் திறந்தார் என்று. கடைசியில் ஒரு வேட்பாளரின் சிரித்த முகம். அது மரிசெல் ஆதரித்த ஆள்.

நான் உன் குரலைக் கேட்டேன். நீ “அம்மா, போவம்” என்று கத்தினாய் அல்லவா, அதில் அரைச் செக்கனை வெட்டியிருந்தார்கள். ‘மா... போ... மா... போ...’ அவ்வளவுதான் மிச்சம். அந்த ‘வம்’ போய்விட்டதும், நீ தன் தாயிடம் மரியாதையோடு மன்றாடுகிற பிலிப்பைன்ஸ் பிள்ளையாகிவிட்டாய். மரிசெல்லின் தங்கை அதைக் கேட்டு அழுதாளாம். “அழுகிற நேரத்திலும் ‘போ’ சொல்ல மறக்காத பிள்ளை, எங்கள் பிள்ளைதான், யாரோ நன்றாக வளர்த்திருக்கிறார்கள்” என்றாளாம். அந்த ஒரு எழுத்தால்தான் சனம் நம்பியது. மகனே, நீ இப்போது செய்கிற வேலை இந்த அரைச் செக்கன் வேலைதான். நீ என்னை விட நன்றாக அறிவாய், ஒரு சொல்லின் வாலை வெட்ட எத்தனை நேரம் எடுக்கும் என்று.

“இது பொய்யென்று உன் ஆட்களுக்குச் சொல்லு” என்றேன்.

“தேர்தல் முடியட்டும். நாலு கிழமைதான்.”

“அது என் பிள்ளை, மரிசெல்.”

“முகம் தெரியவில்லையே. இப்படி எங்கள் பெண்களுக்கு நடக்கவில்லையா? எனக்கே நடந்திருக்கிறது. அவர் நல்லவர். நல்லவர் வருவதற்குத்தானே?”

“நடக்காததை நடந்தது என்று...”

“உனக்கு நடந்ததுதானே!” என்றாள்.

அப்போதுதான் சொன்னேன், எனக்கும் அந்த வாசலில் நடக்கவில்லை, அது நடிப்பு என்று. அவள் முகத்தில் சிரிப்பு அப்படியே நின்றது. “அப்படியென்றால் என்னை முதலில் ஏமாற்றினது நீ” என்றாள். “நான் உனக்குக் கஞ்சி காய்ச்சினேன்.” ஒரு வருடம் பேசவில்லை. ‘மரிசெல் தீத்தா ஏன் வருவதில்லை?’ என்று நீ கேட்டுக்கொண்டே இருந்தாய், வேலை கூட என்று சொன்னேன். நாங்கள் வீடு மாறுகிற நாளில், கூப்பிடாமலே வந்து, எங்கள் பெரிய சோற்றுப் பானையைத் தூக்கிக்கொண்டு ஐந்து மாடியும் இறங்கினாள். அதோடு சரியாயிற்று. ஆனால் நீ அனுப்பிய பூக்காரி வீடியோவை இந்தத் திங்கட்கிழமை அவளுக்குக் காட்டி, இது நடிப்பு என்று முதலே சொன்னேன். பார்த்து அழுதாள். “நடிப்பென்றாலும் மனிதர் நல்லவர்போல” என்றாள். இதைக் கேட்டு எனக்குக் கோபம் வரவில்லை, பயம்தான் வந்தது.

நேற்று வேலையை விட்டு நேரே எபினேக்குப் போனேன். யோகன் அண்ணை அங்கே ஒரு சின்னக் கடை வைத்திருக்கிறார். தலை முழுக்க நரைத்துவிட்டது. கத்தரிக்காய் நிறுத்துக்கொண்டு நின்றவர், என்னைக் கண்டதும், “வாரும் பிள்ளை! பெடியன் எப்பிடி? என்ர அரிசி மூட்டையை ஓட்டை போட்டவன்” என்றார். கடையில் ஆள் போகும்வரை நின்று, பிறகு சொன்னேன். சால்வைக்குள் இருந்தது நான் என்றும், பிள்ளை நீ என்றும், யாரும் என்னைத் தள்ளவில்லை என்றும்.

அவர் தராசுத் தட்டைத் துடைத்துக்கொண்டே இருந்தார். “அப்ப, கதவுக்குள்ளால வந்த கை?”

“வீடியோக்காரன்ர சிநேகிதன் அண்ணை.”

“நான் அது ரவி எண்டெல்லோ நினைச்சன்” என்றார். ரவி அவருடைய மனைவியின் தம்பி, அந்த நாட்களில் கடையைத் திறக்கிறவன், கடைச் சாவி, திறப்பு, அவனிடம்தான். “அண்டைக்குக் கதவைப் பாதி திறந்துபோட்டுக் கோப்பி குடிக்கப் போனனான், ஆரையும் தள்ளேல்லை எண்டு சத்தியம் பண்ணினான். நான் நம்பேல்லை, பிள்ளை. மற்ற எல்லாத்தையும் பொய் எண்டு நினைச்சிருப்பன். அந்தப் பிள்ளையின்ர அழுகை நடிப்பில்லை. நான் மூண்டு பிள்ளை வளர்த்தனான், எனக்குத் தெரியாதோ?”

நான் கிள்ளினதைச் சொன்னேன். அவர் ஒரு பெட்டிக்கு மேல் இருந்துவிட்டார்.

“அண்டைக்கே அவனைக் கலைச்சன். இப்ப கனடாவில. மகளின்ர கலியாணத்துக்கும் சொல்லேல்லை. என்ர மனுசி தம்பியோட கதைச்சுப் பன்னிரண்டு வருஷம்.”

கடையை விட்டது வாடகையால் இல்லை, திறப்புக் கொடுக்க நம்பிக்கையான ஆள் இல்லாததால் என்று பிறகு சொன்னார். என்னை ஏசுவார் என்று நின்றேன். ஏசியிருந்தால் வாங்கிக்கொண்டு வந்திருப்பேன். அவர் எழும்பி என் பக்கத்தில் வந்து, “பிள்ளை, உந்தக் கதையை நீர் ஒரு வீடியோவில சொல்லுவீரோ? நான் சொன்னா ரவி எடுக்க மாட்டான். உம்மட முகத்தைக் காட்டிச் சொல்லும். மனுசி அவனுக்கு அனுப்புவா” என்றார்.

“மகனைக் கேட்க வேணும் அண்ணை.”

“ஓம், கேளும். அழுதது அவனெல்லோ.”

அதனால் கேட்கிறேன். எட்டு வயதில் உன்னைக் கேட்காமல் உன் அழுகையை எடுத்துக் கொடுத்தேன், அது இரண்டு நாட்டில் இரண்டு பொய்க்கு உதவியது. இந்தத் தரம் கேட்காமல் செய்ய மாட்டேன். நான் சால்வை இல்லாமல் இருந்து பேசப்போகிறேன். அந்தப் பிள்ளை என் மகன், அவனை நான் கிள்ளினேன் என்று சொல்லாமல் அந்தக் கதையைச் சொல்ல முடியாது. சொன்னால் உன் கூட்டாளிகள் பார்ப்பார்கள், ரிக்கோ பார்ப்பான், நீ வேலை தேடப் போகிற இடங்களிலும் யாராவது பார்க்கக்கூடும். உனக்கு வெட்கமாக இருக்கும் என்றால் சொல். வேறு வழி தேடுவோம். கனடாவுக்கு நானே போய் ரவியின் கதவைத் தட்டவும் தயார். கோபமாக இருந்தால் அதையும் எழுது. அந்த இடது கை உன்னுடையது.

கையெழுத்து விஷயத்தில் என் மனதையும் ஒளிக்காமல் சொல்கிறேன். வைக்காதே, ராசா. நல்ல வேலை, உன் திறமைக்குக் கிடைத்தது, எனக்குப் பெருமை இல்லை என்று நினையாதே. அந்த வெள்ளைச் சட்டைக்காரர் உண்மையிலேயே நல்லவராகவும் இருக்கலாம், எனக்குத் தெரியாது. ஆனால் கூடையைத் தட்டினவன் என்று யாரோ ஒரு உண்மையான காவலாளியை அந்தத் தேவாலய வாசலில் சனம் தேடிப் போகும். அவன் சத்தியம் பண்ணுவான், வீட்டில் ஒருவரும் நம்ப மாட்டார்கள், ஏனென்றால் பிள்ளை அழுதது உண்மை. நீ இருபது வயது ஆள், முடிவு உன்னுடையது. நீ கையெழுத்து வைத்தாலும் நான் உன் தாய்தான், போன் எடுப்பேன், சாப்பிட்டியோ என்று கேட்பேன். ஒன்று மட்டும் செய். வைப்பதற்கு முன்பு அந்தப் பெண்பிள்ளையின் தாயைக் கூப்பிட்டு, அவள் என்ன செய்தாள் என்று கேள். அவளுக்குச் சொல்ல வாய் வராது. தகாலோக்கில் மரியாதையாகக் கேள்.

யோகன் அண்ணை ஞாயிற்றுக்கிழமை கடை பூட்டுகிறவர், அன்றைக்கு மனைவியோடு வீட்டுக்கு வருவதாகச் சொல்லியிருக்கிறார். அதற்குள் உன் சொல் எனக்கு வேண்டும். தமிழில் கஷ்டம் என்றால் பிரெஞ்சில் எழுது, நான் அகராதி வைத்து வாசிப்பேன். இரண்டு வரி போதும். கெதியாகப் பதில் போடு.

அம்மா